மோண்ட் பிளாங்க்: பணம் கட்டும் முன் எனக்கு யாரும் சொல்லாதவை

ஆல்ப்ஸில் இருக்கிற மோண்ட் பிளாங்க் ஏறப் போகிறேன் என்று யாராவது சொன்னால் இப்போதெல்லாம் நான் முதலில் கேட்பது ஒன்றுதான்: இரண்டாவது இரவு படுக்கை எந்த ஹட்டில், அதாவது மலைமேல் இருக்கும் எந்தத் தங்குமிடத்தில் கிடைத்திருக்கிறது? பல பேருக்கு அந்தக் கேள்வியே புரிவதில்லை. போவதற்கு முன் என்னிடம் கேட்டிருந்தால் எனக்கும் புரிந்திருக்காது. என்ன ஷூ வாங்கலாம், எப்படி உடம்பைத் தயார் பண்ணலாம் என்று சொல்ல நிறையப் பேர் இருக்கிறார்கள், சிகரத்தில் நின்று எடுத்த படங்களும் ஏராளம். ஆனால் அடிவாரத்து ரயிலில் தொடங்கி மேலே வரைக்கும் அந்த வழி எப்படி அமைந்திருக்கிறது, எந்த இடத்தில் எந்த நேரத்தில் நிற்கவே கூடாது, அந்தக் கணக்கு பிசகினால் என்ன ஆகும் என்பதைத் தமிழில் சொல்ல எனக்கு ஆள் கிடைக்கவில்லை. எல்லாச் செலவும் சேர்த்து கிட்டத்தட்ட 3,000 யூரோ போனது, வருடம் முழுக்கச் சேர்த்து வைத்த லீவு போனது, வலது முழங்கால் வீங்கி வாரக்கணக்கில் மாடிப்படி இறங்க முடியாமல் இருந்தேன். சிகரத்தையும் தொடவில்லை. அடுத்து போகிறவருக்காவது உதவட்டும் என்று நடந்ததை வரிசையாகவே எழுதுகிறேன்.

முதலில் இடத்தைப் புரிந்துகொள்ளுங்கள், அது புரியாமல் மற்றது எதுவும் விளங்காது. மோண்ட் பிளாங்க் பிரான்சுக்கும் இத்தாலிக்கும் எல்லையில் இருக்கிறது, உச்சி யாருக்குச் சொந்தம் என்ற தகராறே இன்னும் தீரவில்லை. மேலே இருப்பது பாறை இல்லை, தடிமனான பனித்தொப்பி. அதனால் உயரம் வருடத்துக்கு வருடம் மாறும். 2021-ல் அளந்தபோது 4,807.81 மீட்டர், 2023-ல் 4,805.59 மீட்டர். 1786 ஆகஸ்ட் 8 அன்று ஷாமொனி ஊர்க்காரர்களான ஜாக் பால்மா, மிஷேல் கப்ரியேல் பக்கார் இருவரும் முதலில் ஏறினார்கள். இன்றைக்கு ஏறுகிறவர்களில் பெரும்பாலோர் போவது அவர்கள் போன வழி இல்லை, மேற்குப் பக்கமாக உள்ள கூத்தே வழி. சேன் ஜெர்வே பக்கத்தில் லெ ஃபாயே என்ற இடத்திலிருந்து பல்சக்கர ரயில் ஒன்று 2,372 மீட்டரில் இருக்கிற நீ தேக்ல் நிலையம் வரை ஏறுகிறது, 1914-லிருந்து அந்த உயரம் வரை ஓடுகிறது. அங்கிருந்து நடந்தால் தேத் ரூஸ் ஹட், 3,167 மீட்டர். அதற்கு மேலே ஒரு கூலுவாரைக் குறுக்கே கடக்க வேண்டும், அதாவது மலைச்சரிவில் மேலிருந்து கீழ்வரை செங்குத்தாக ஓடும் அகலமான பள்ளம். கடந்ததும் பாறை முகட்டில் கைகால் பிடித்து ஏறினால் கூத்தே ஹட், 3,835 மீட்டர். அதற்கப்புறம் முழுக்கப் பனி. டோம் து கூத்தே (4,304), வாலோ அவசரக் கொட்டகை (4,362), போஸ் என்கிற ஒடுங்கிய பனிமுகடு, பிறகு உச்சி. ஆக மொத்தம் ஒரு ரயில், இரண்டு ஹட், ஒரு கூலுவார். இந்த நான்கும்தான் உங்கள் பயணத்தைத் தீர்மானிக்கும்.

நான் ஜெர்மனியில் ஸ்டுட்கார்ட்டில் வேலை பார்க்கிறேன். ஊரில் இருந்த வரைக்கும் வெள்ளியங்கிரி, பர்வதமலை, அப்புறம் இங்கே வந்து ஆல்ப்ஸில் சின்னச் சின்ன மலைகள். சென்னையில் இருக்கும் நண்பனும் நானும் சேர்ந்து போவதாகத்தான் திட்டம். அவனுக்கு விசா நேரத்துக்கு வரவில்லை, அதனால் தனியாகவே கிளம்பினேன். ஒரு கைடுக்கு இரண்டு பேர் என்பதுதான் இந்த மலையில் வழக்கம், ஆகவே நிறுவனம் என்னை முன்பின் தெரியாத ஒரு போலந்துக்காரரோடு சேர்த்தது. கட்டணம் 2,350 யூரோ. அதில் கைடு, உயரத்துக்குப் பழக ஒரு சின்னச் சிகரம், ஹட் தங்கல், சாப்பாடு எல்லாம் அடக்கம் என்று சொன்னார்கள். அனுப்பிய திட்டத்தில் முதல் இரவு தேத் ரூஸ், மறுநாள் சிகரம் தொட்டுவிட்டு இறங்கி இரண்டாம் இரவு கூத்தே, அதற்கு மறுநாள் விடியற்காலையில் கீழே என்று தெளிவாகவே இருந்தது. எனக்கு அந்த இரண்டு பெயருக்கும் என்ன வித்தியாசம் என்பது அப்போது பெரிதாகத் தோன்றவில்லை, திட்டம் நன்றாக இருக்கிறது என்று பணம் அனுப்பினேன்.

பழகும் ஏற்றத்துக்கு இத்தாலிப் பக்கம் கிரான் பாரடீசோ போனோம், 4,061 மீட்டர், நாலாயிரம் மீட்டரைத் தாண்டும் சிகரங்களில் முழுக்க இத்தாலிக்குள்ளேயே இருப்பது இது ஒன்றுதான். இதைப் பற்றி எனக்கு ஒரு குறையும் இல்லை. விக்டர் இம்மானுவேல் ஹட்டில் தங்கி இரவில் கிளம்பிக் காலையில் மேலே நின்றோம், தலைவலி லேசாக வந்தது, போய்விட்டது. இந்தப் படியை மட்டும் யாரும் தவிர்க்காதீர்கள். சமவெளியிலிருந்து நேராக வந்து மோண்ட் பிளாங்க் ஏறப் பார்க்கிறவர்கள் பலர் டோம் அருகிலேயே வாந்தி எடுத்துக்கொண்டு உட்கார்ந்து விடுகிறார்கள், என் கண்ணாலேயே பார்த்தேன். உச்சியில் காற்றழுத்தம் கடல்மட்டத்தில் இருப்பதில் ஏறக்குறைய பாதிதான்.

லே ஊஷ் கிராமத்தில் மறுநாள் காலை சாமான்களைச் சரிபார்க்கும்போதுதான் கைடு சாதாரணமாகச் சொன்னார், கூத்தேயில் இடம் கிடைக்கவில்லை, தேத் ரூஸ் மட்டும்தான் இருக்கிறது, ஒரே மூச்சில் போய் இறங்கிவிடலாம் என்று. போலந்துக்காரர் முகம் மாறியது. அவருக்கு விஷயம் தெரியும், எனக்குத் தெரியாது. அவர்தான் ஒரு துண்டுத் தாளில் கோடு போட்டுக் காட்டினார். கூத்தேயிலிருந்து கிளம்பினால் சிகரத்துக்கு 970 மீட்டர் ஏற்றம், தேத் ரூஸிலிருந்து என்றால் 1,640 மீட்டர். அது கூடப் பரவாயில்லை, காலில் பலம் இருந்தால் சமாளிக்கலாம். கூலுவார்தான் பிரச்சினை. கூத்தேயில் இரண்டாவது இரவு தங்கினால் ஏறும்போதும் இறங்கும்போதும் அதை விடியற்காலைக் குளிரில் கடக்கலாம். தேத் ரூஸ் மட்டும் என்றால் சிகரத்திலிருந்து திரும்பி வரும்போது நடுப்பகல் தாண்டிவிடும், அதாவது வெயில் ஏறிய பிறகு கடந்தே ஆக வேண்டும். நிறுவனத்துக்கு போன் பண்ணினேன். ஒப்பந்தத்தில் சின்ன எழுத்தில் 'ஹட் இடம் இருப்பைப் பொறுத்தது' என்று ஒரு வரி இருக்கிறது, அதைப் படித்துக் காட்டினார்கள். எப்போது தெரியும் என்று கேட்டேன், சில வாரங்களாகவே தெரியும் என்றார்கள். எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. முன்பே சொல்லியிருந்தால் தேதியை மாற்றியிருப்பேன், அல்லது பணத்தைத் திருப்பிக் கேட்டிருப்பேன், இப்போது மலையடிவாரத்தில் நிற்கிற ஆளுக்கு என்ன வழி இருக்கிறது?

இந்த இடத்தில் ஒரு விஷயம் சொல்லிவிடுகிறேன். இந்த ஹட் படுக்கைக்கு இவ்வளவு அடிதடி ஏன் என்றால், வழியில் கூடாரம் அடிப்பதற்குத் தடை. கூத்தே வழியில் போகிறவர் யாராக இருந்தாலும், கைடு இருந்தாலும் இல்லாவிட்டாலும், பெயர் போட்ட ஹட் முன்பதிவு கையில் இருக்க வேண்டும், வழியில் நின்று சரிபார்த்து இல்லாதவர்களைத் திருப்பி அனுப்புகிறார்கள். கூத்தே ஹட்டில் 120 படுக்கைதான். ஜூலை, ஆகஸ்டுக்கு முன்பதிவு திறந்ததுமே வார இறுதிகள் காலியாகிவிடும். அதனால் கைடு நிறுவனம் மூலமாகப் போனாலும், 'என் பெயரில் பதிவான சீட்டை அனுப்புங்கள், எந்த ஹட், எந்தத் தேதி என்று அதில் இருக்க வேண்டும்' என்று மெயிலில் கேட்டு வாங்குங்கள். திட்டத்தில் எழுதியிருக்கிறது என்று நம்புவது போதாது, திட்டம் வேறு, சீட்டு வேறு.

ரயில் பற்றியும் கொஞ்சம். லெ ஃபாயேயிலிருந்தே ஏறலாம், அல்லது லே ஊஷிலிருந்து கேபிள் காரில் பெல்வ்யூ போய் அங்கே ரயிலைப் பிடிக்கலாம், நாங்கள் இரண்டாவது வழியில் போனோம். கோடையில் கூட்டம் அதிகம், போக ஒரு இடம், வர ஒரு இடம் என்று முன்பதிவு செய்ய வேண்டும். கீழே இறங்கும் கடைசி ரயில் எத்தனை மணிக்கு என்பதை போனில் படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள், அந்த வருடத்து அட்டவணையையே பாருங்கள். கேபிள் காரும் ஏறக்குறைய அதே நேரத்தில் நின்றுவிடும். இது எவ்வளவு முக்கியம் என்று பின்னால் வரும்.

நீ தேக்லிலிருந்து தேத் ரூஸ் வரை நடை கஷ்டமில்லை. கல்லும் சரளையுமான பாதை, கொம்பு வளைந்த மலையாடுகள் பத்தடி தூரத்தில் நின்று நம் வியர்வை உப்புக்காகப் பையின் பட்டையை நக்க வருகின்றன. தேத் ரூஸ் ஹட் ஒரு சின்னப் பனியாற்றின் ஓரத்தில் இருக்கிறது. அந்தப் பனியாற்றுக்குள் தேங்கியிருந்த தண்ணீர் 1892 ஜூலையில் ஒரு நள்ளிரவில் உடைத்துக்கொண்டு கீழே பாய்ந்து சேன் ஜெர்வே பக்கம் சுமார் 175 பேரைக் கொன்றது. 2010-ல் மறுபடி உள்ளே தண்ணீர் சேர்ந்திருப்பதைக் கண்டுபிடித்துத் துளை போட்டு பம்பு வைத்து வெளியேற்றினார்கள். இதை அங்கே ஹட்டில் ஒருவர் சொன்னபோது எனக்கு உடனே தரையைப் பார்க்கத் தோன்றியது. ஹட்டில் குழாய்த் தண்ணீர் கிடையாது, பாட்டில்தான் வாங்க வேண்டும், ஒன்றரை லிட்டருக்கு நான் ஏழு யூரோ கொடுத்தேன். ரொக்கம் போதிய அளவு கொண்டு போங்கள்.

அன்று மாலை ஹட்டின் முற்றத்தில் உட்கார்ந்திருந்தபோது மேலே கூலுவாரிலிருந்து சத்தம் வந்துகொண்டே இருந்தது. முதலில் ஒரு 'டக்', பிறகு நாலைந்து தடவை மோதுகிற ஒலி, பிறகு சரசரவென்று சரளை ஓடுகிற ஒலி, அப்புறம் அமைதி. கொஞ்ச நேரத்தில் மறுபடியும். யாரும் தலை தூக்கிப் பார்க்கவில்லை, சூப் குடித்துக்கொண்டிருந்தார்கள். எனக்குத் தொண்டையில் எதுவும் இறங்கவில்லை. அந்தப் பாறைகளை ஒன்றோடொன்று பிடித்து வைத்திருப்பது உள்ளே உறைந்திருக்கும் பனிதான், வருடம் முழுக்க உறைந்தே இருக்க வேண்டிய அந்தப் பனி இப்போது கோடையில் இளகுகிறது, அதனால் கல் விழுகிறது. மேலே வெண்பனி மூடியிருக்கும் வரை கற்கள் கொஞ்சம் அடங்கிக் கிடக்கும், அது உருகிப் போனால் பாறை நேராக வெயிலில் காய்கிறது. 1990 முதல் 2017 வரை தேத் ரூஸுக்கும் கூத்தேக்கும் நடுவில் 102 பேர் இறந்திருக்கிறார்கள், 230 பேர் காயப்பட்டிருக்கிறார்கள். 2022 கோடையில் கல் விழுவது எல்லை மீறியதால் ஆகஸ்டில் இரண்டு ஹட்டையுமே மூடினார்கள். அதே சமயம் சேன் ஜெர்வே மேயர், ஏறுகிறவர்கள் 15,000 யூரோ பிணைத்தொகை கட்ட வேண்டும் என்றுகூட அறிவித்தார், மீட்புக்கு 10,000, அடக்கச் செலவுக்கு 5,000 என்று கணக்கு. கேட்க மனம் பதறுகிறது, ஆனால் கடந்து போனவர்களுக்கு அந்த மனுஷர் ஏன் அப்படிப் பேசினார் என்று புரியும்.

எனவே வானிலை பார்க்கும்போது மழை வருமா, காற்று அடிக்குமா என்பதோடு நிறுத்தாதீர்கள். உறைநிலை எந்த உயரத்தில் இருக்கிறது என்று அறிக்கையில் ஒரு எண் இருக்கும், அதைப் பாருங்கள். பூஜ்ஜியம் டிகிரி எந்த உயரத்தில் தொடங்குகிறதோ அதுதான். அது 3,300 மீட்டருக்குக் கீழே இருந்தால் கூலுவாரில் இரவில் எல்லாம் இறுகும். அன்று எங்களுக்கு 4,700 என்று போட்டிருந்தது. அப்படியென்றால் மலையின் மேல்முனை தவிர எங்கேயும் சரியாக உறையவே இல்லை. 2023 ஆகஸ்டில் சுவிட்சர்லாந்துக்கு மேலே அது 5,298 மீட்டர் வரை போய்ச் சாதனை அளவைத் தொட்டது, ஆல்ப்ஸில் அதற்கு மேல் மலையே கிடையாது.

இரவு ஒன்றரை மணிக்குக் கிளம்பினோம். கூலுவாரை இருட்டில் கடப்பதில் ஒரு வசதி உண்டு, எதுவும் தெரியாது. தலைவிளக்கின் வட்டத்துக்குள் ஒரு அடி அகலத் தடம், அழுக்குப் பனி, அதில் பதிந்திருந்த புதுக் கற்கள். தலைக்கு மேலே ஒரு இரும்புக் கம்பிவடம் கட்டியிருக்கிறார்கள், கயிற்றை அதில் மாட்டிக்கொள்ளலாம், ஆனால் மாட்டிக் கழற்றும் நேரத்தில் கடந்தே விடலாம் என்று பல கைடுகள் மாட்டுவதில்லை. எங்கள் கைடு ஒரு சொல்தான் சொன்னார், 'நிற்காதே'. ஓடவில்லை, வேகமாக நடந்தோம், ஒரு நிமிடத்துக்கு மேல் ஆகியிருக்காது, மறுபக்கம் பாறையைத் தொட்டபோது மூச்சை அடக்கி வைத்திருந்தது அப்போதுதான் தெரிந்தது. அதன்பின் முகட்டில் ஏறுவது பிடித்திருந்தது, மேல்பகுதியில் இரும்பு வடங்கள் உண்டு, கையுறை இல்லாமல் பிடிக்காதீர்கள், பிய்ந்த கம்பி இழைகள் உள்ளங்கையைக் கிழிக்கும்.

கூத்தேயை அடைந்தபோது அங்கே தங்கியவர்கள் எப்போதோ கிளம்பிப் போய்விட்டிருந்தார்கள். வெள்ளி நிற முட்டை மாதிரி விளிம்பில் நிற்கும் அந்தக் கட்டடத்தைத் தாண்டும்போது எனக்கு இரவில் வந்து படுக்க வேண்டிய இடம் இது என்ற நினைப்பு வந்து நெஞ்சை அடைத்தது. டோம் மேலே போகப் போகக் காற்று ஏறியது. பனித்தூள் கிடைமட்டமாகப் பறந்து கன்னத்தில் ஊசி போலக் குத்தியது, போலந்துக்காரர் கால் தள்ளாடியது. வாலோ கொட்டகைக்குள் நுழைந்து உட்கார்ந்தோம். அது அவசரத்துக்கான தகரப் பெட்டி, குப்பையும் நாற்றமும், இருந்தாலும் காற்று படாத இடம். கைடு கடிகாரத்தைப் பார்த்தார், மேலே முகட்டைப் பார்த்தார், அவர் கணக்குப் போட்டது காற்றை மட்டும் இல்லை. இப்போது மேலே போய் வந்தால் கூலுவாருக்கு எத்தனை மணிக்கு வருவோம் என்பதையும்தான். திரும்பலாம் என்றார். கூத்தேயில் படுக்கை இருந்திருந்தால் வாலோவில் காத்திருந்து காற்று இறங்கியதும் போயிருப்போம், நேரம் எங்கள் கையில் இருந்திருக்கும். பத்து மணிக்கு மேல் காற்று குறைந்ததும் அங்கேயே தங்கிக் காத்திருந்தவர்கள் போய் வந்ததும் பிறகு தெரிந்தது. கண்ணாடிக்குள் கண்ணீர் வந்தது, வரட்டும் என்று விட்டுவிட்டேன். சிகரத்துக்காக இல்லை, அதைத் தீர்மானித்தது எங்கோ ஆபீசில் யாரோ அனுப்பாமல் விட்ட ஒரு மெயில் என்பதற்காக.

அவ்வளவு சீக்கிரம் திரும்பியும் கூலுவாருக்கு வரும்போது வெயில் ஏறிவிட்டது, முகட்டில் ஏறுகிறவர்களும் இறங்குகிறவர்களும் ஒரே வடத்தைப் பிடித்துக்கொண்டு நின்றதில் நேரம் போனது. இந்தப் பக்கம் பதினைந்து இருபது பேர் பாறை மறைவில் ஒண்டிக்கொண்டு காத்திருந்தார்கள். கற்கள் ஓய்ந்தபாடில்லை. சிறிய கல் வந்தால் சத்தம் முன்பே வராது, காதருகே 'விர்' என்று போன பிறகுதான் தெரியும். பெரியது ஒன்று, ஒரு சின்ன ஃபிரிட்ஜ் அளவு இருக்கும், நாங்கள் இரவில் நடந்த தடத்தின் நடுவிலேயே விழுந்து பனியைப் பிய்த்துக்கொண்டு போனது. பிறகு ஒரு வாசனை வந்தது, தீபாவளி மறுநாள் காலையில் தெருவில் வருமே அந்தக் கந்தக நெடி, பாறையும் பாறையும் உரசினால் அப்படித்தான் வருமாம். ஒரு மணி நேரத்துக்கும் மேலே அங்கே உட்கார்ந்திருந்தேன். அம்மாவுக்கு எந்த மலை என்றே சொல்லவில்லை, சுற்றுலா என்றுதான் சொல்லியிருந்தேன், அதையே திரும்பத் திரும்ப நினைத்துக்கொண்டிருந்தேன். பக்கத்தில் இருந்தவர்கள் பேசியது எனக்குப் புரியாத மொழி, பயமாக இருக்கிறது என்று ஒரு வார்த்தை சொல்ல ஆள் இல்லை.

அந்த நிலையில் மாட்டிக்கொண்டால் கைடு செய்ததைச் சொல்கிறேன். ஒரு பெரிய சரிவு ஓடி முடிந்ததும் உடனே கிளம்பவில்லை, அதன் பின்னால் சில்லறைக் கற்கள் ஓய்கிற வரை நின்றார். மேலே பார்க்க ஒருவர், கடக்க ஒருவர் என்று அந்தப் பக்கம் இருந்தவர்களோடு கைச்சாடை பேசிக்கொண்டார்கள். கத்தினால் நின்று பார், இல்லையென்றால் கீழே மட்டும் பார்த்து நட என்றார். ஹெல்மெட் பட்டையை இறுக்கி, பையின் தொங்கல்களை எல்லாம் உள்ளே திணித்து, கிராம்பான் (பனியில் வழுக்காமல் இருக்க ஷூவுக்கு அடியில் மாட்டும் இரும்பு முட்கள்) வேண்டுமா வேண்டாமா என்று முன்பே முடிவு செய்து, நடுவில் எதற்கும் குனியத் தேவையில்லாதபடி ஆக்கிக்கொண்டு கடந்தோம். முக்கால்வாசி தூரத்தில் பின்னால் கத்துகிற சத்தம் கேட்டது, தலையைக் குனிந்து முன்னால் பாய்ந்தோம், முஷ்டி அளவுக் கல் ஒன்று என் முழங்காலுக்குப் பக்கவாட்டில் உரசியது. உரசியதுதான், நேராகப் பட்டிருந்தால் இதை எழுத நான் இருந்திருப்பேனா தெரியாது.

தேத் ரூஸில் அன்றிரவுக்கு இடம் இல்லை, எல்லாம் நிரம்பிவிட்டது. முழங்கால் வீங்க ஆரம்பித்ததால் என் நடை பாதியாகக் குறைந்தது, நீ தேக்லுக்கு வந்தபோது கடைசி ரயில் போய்விட்டது. கைடுக்கு மறுநாள் வேறு ஆட்கள், பாதை இனி ஆபத்தில்லாதது, ஒப்பந்தப்படி அவர் பொறுப்பு இந்த நிலையத்தோடு முடிகிறது என்று சொல்லிவிட்டு வேகமாக இறங்கிவிட்டார், போலந்துக்காரரும் அவரோடு. தண்டவாளத்தை ஒட்டிப் பெல்வ்யூ, அங்கிருந்து காட்டுப்பாதையில் லே ஊஷ். ஏறக்குறைய 1,350 மீட்டர் இறக்கம், ஒற்றைக்காலை ஊன்றி, பனிக்கோடரியைக் கைத்தடியாக வைத்துக்கொண்டு, தலைவிளக்கின் பேட்டரி மங்கிக்கொண்டே வர, தனியாக. ஊருக்குள் கால் வைத்தபோது நள்ளிரவு தாண்டிவிட்டது. அந்த இரவை நினைத்தால் இன்றும் கோபம் வருகிறது. கைடின் பொறுப்பு எந்த இடத்தில் முடிகிறது, ரயில் போய்விட்டால் என்ன செய்வார்கள் என்பதைப் பணம் கட்டும் முன் எழுத்தில் கேளுங்கள். ஒரு மாற்று பேட்டரியும் முழங்கால் பட்டையும் பையில் இருக்கட்டும், எடை ஒன்றும் இல்லை.

ஊர் திரும்பியதும் பணத்துக்காக மல்லுக்கு நின்றேன். முதல் பதில் அடுத்த வருடத்துக்குச் சின்னத் தள்ளுபடி. நான் விடவில்லை. ஐரோப்பிய ஒன்றியத்துக்குள் தங்கலும் கைடும் சேர்த்து ஒரே தொகுப்பாக விற்றால் அது 2015-ம் வருடத்துத் தொகுப்புப் பயண விதிகளுக்குள் வரும், முக்கியமான அம்சத்தை மாற்றினால் தாமதமில்லாமல் தெரிவித்து, ரத்து செய்யும் உரிமையையும் தர வேண்டும். சில வாரங்களாகத் தெரியும் என்று அவர்கள் போனில் சொன்னதை அன்றே மெயிலில் எழுதி, 'நீங்கள் இப்படிச் சொன்னீர்கள்' என்று உறுதி கேட்டிருந்தேன், அவர்கள் ஆமாம் என்று பதிலும் போட்டிருந்தார்கள். அந்த ஒரு மெயில்தான் காப்பாற்றியது. வேறு நாட்டு நிறுவனத்தோடு தகராறு என்றால் ஐரோப்பிய நுகர்வோர் மையங்கள் இலவசமாக உதவும், ஜெர்மனியில் கேல் நகரில் இருக்கிறது, அங்கே எல்லாக் காகிதத்தையும் அனுப்பினேன். மாதங்கள் ஆனது, கடைசியில் 700 யூரோ திரும்ப வந்தது. இந்தியாவிலிருந்து வருகிறவர்களுக்கு அந்த மையம் கிடையாது, ஆகவே வங்கிப் பரிமாற்றத்தில் முழுத் தொகையையும் முன்கூட்டியே அனுப்பாமல் கிரெடிட் கார்டில் கட்டுங்கள், தகராறு வந்தால் வங்கி மூலம் முறையிட ஒரு வழியாவது இருக்கும்.

இன்சூரன்ஸும் பாருங்கள். சாதாரணப் பயணக் காப்பீட்டில் கயிறு, கிராம்பான் வைத்து ஏறுவது பெரும்பாலும் சேராது. பிரான்ஸ் பக்கம் மலையில் ஜெண்டார்ம் (பிரெஞ்சு போலீஸ் படை) ஹெலிகாப்டர் வந்து மீட்டால் பொதுவாகக் கட்டணம் வாங்குவதில்லை, ஆஸ்பத்திரிச் செலவு தனி. எல்லை தாண்டி இத்தாலியிலோ சுவிட்சர்லாந்திலோ மாட்டினால் பில் வரலாம், பழகும் ஏற்றம் அந்தப் பக்கம் இருப்பதை மறந்துவிடாதீர்கள். ஜெர்மன், ஆஸ்திரிய மலையேற்றச் சங்கங்களில் உறுப்பினரானால் மீட்புக் காப்பீடு அதிலேயே அடங்கும், பல ஹட்டுகளில் வாடகையும் குறையும். பயணம் ரத்தானால் பணம் தரும் காப்பீடு வேறு, அதைத் தனியாக எடுக்க வேண்டும்.

எப்போது போவது என்று கேட்டால் நான் ஜூன் பின்பாதி என்பேன், கூலுவாரில் இன்னும் பனி மூடியிருக்க வாய்ப்பு அதிகம், கூட்டமும் குறைவு. வெப்ப அலை அறிவித்தால் கைடு வருகிறேன் என்றாலும் போகாதீர்கள். கல் விழுவதற்குப் பயந்து ஷாமொனிக்கு மேலே இருக்கும் எக்வி து மிடி சிகரத்திலிருந்து போகும் மூன்று மலை வழியை யோசிப்பவர்கள், அங்கே கல்லுக்குப் பதிலாக மோண்ட் பிளாங்க் து தாக்குல் என்ற பக்கத்துச் சிகரத்தின் சரிவில் பனிக்கட்டிச் சுவர்கள் உடைந்து விழும் அபாயம் இருக்கிறது, வழியும் இன்னும் கடினம் என்பதைத் தெரிந்துகொள்ளுங்கள். ஷாமொனியில் தேவாலயத்துக்குப் பக்கத்தில் மலை இல்லம் என்று ஒரு கட்டடம் இருக்கிறது, அதில் உயர்மலைத் தகவல் அலுவலகம் இருக்கிறது. எந்த வழி எப்படி இருக்கிறது, நேற்று யார் போய் வந்தார்கள் என்று நேரில் கேட்கலாம், காசு வாங்குவதில்லை, விற்க அவர்களிடம் எதுவும் இல்லை என்பதால் ஒளிவு மறைவில்லாமல் பேசுகிறார்கள். கிளம்புவதற்கு முந்தைய நாள் அங்கே போய் அரை மணி நேரம் செலவழியுங்கள். ஊரிலிருந்து விசா வாங்கி வருகிறவர்கள் திட்டத்தின் கடைசியில் சில நாட்களைச் சும்மா விட்டு வைத்து விமான டிக்கெட் போடுங்கள், காற்று ஓய்வதற்கும் கூலுவார் இறுகுவதற்கும் அந்த நாட்கள் தேவைப்படும்.